வலிக்காத பல்லை எடுக்கச் சொல்கிறார்கள், வலிக்கும் பல்லை வைத்துக்கொள்ளலாம் என்கிறார்கள். எதை வைத்து?

கேட்டவர் சொன்ன விவரம் சுருக்கமாக இது. கீழ் இடது கடைவாய்ப் பல்லில் பழைய ஃபில்லிங் உடைந்து பெரிய குழி, குளிர்ந்த தண்ணீர் பட்டால் சுரீர் என்கிறது. சீட்டில் அதற்கு எதிரே '36, சந்தேகம்' என்று இருக்கிறது. மேல் வலது பக்கம் ரொம்ப நாளைக்கு முன்னால் ரூட் கெனால் செய்து போஸ்ட் (வேருக்குள் இறக்கும் சின்னத் தண்டு) வைத்துக் கேப் போட்ட பல் ஒன்று. வலியே இல்லை, ஈறில் ஒரு சின்னக் கொப்புளம் மட்டும் வந்து வந்து போகிறது. அதற்கு '15, தேறாது'. வலிக்கிற பல் சந்தேகம், வலிக்காத பல் தேறாதா என்பதுதான் கேள்வி.

நான் பல் மருத்துவராக வேலை பார்க்கிறேன். உங்கள் வாயைப் பார்க்காமல் அந்தத் தீர்ப்பு சரியா தவறா என்று சொல்ல முடியாது. அதற்குப் பின்னால் என்ன கணக்கு ஓடுகிறது என்று மட்டும் சொல்கிறேன். அந்தக் கணக்கில் வலிக்கு நீங்கள் நினைக்கிற இடம் கிடையாது.

முதலில் எண்கள். வாயை நான்காகப் பிரித்து மேல் வலது 1, மேல் இடது 2, கீழ் இடது 3, கீழ் வலது 4 என்று வைத்திருக்கிறோம். இரண்டாவது இலக்கம், நடுக்கோட்டிலிருந்து எத்தனையாவது பல் என்பது. 36 என்றால் கீழ் இடது ஆறாவது பல். 15 என்றால் மேல் வலது ஐந்தாவது. முப்பத்தாறு என்று படிக்க மாட்டோம், மூன்று ஆறு என்றுதான் சொல்வோம்.

அடுத்து, நாங்கள் செய்வது இரண்டு வேறு வேலைகள். சேதத்துக்குப் பெயர் வைப்பது ஒன்று. அந்தப் பல் இனி எவ்வளவு காலம் தாங்கும் என்று கணிப்பது இன்னொன்று. 'எனக்கு இரண்டாம் வகுப்புச் சொத்தை, அப்படியென்றால் நான்காம் வகுப்பு அளவுக்கு மோசமில்லையே' என்று சிலர் ஆறுதல் அடைவார்கள். அந்த வகுப்பு எண்ணுக்கும் பல்லின் ஆயுளுக்கும் சம்பந்தமே இல்லை.

அந்த வகுப்புகளை வகுத்தவர் ஜி. வி. பிளாக் என்ற அமெரிக்கப் பல் மருத்துவர். 1908-இல் வந்த அவருடைய பாடநூல் வழியாக உலகம் முழுக்கப் பரவியது. பல்லின் மேற்பரப்புக் குழிகளில் சொத்தை வந்தால் முதல் வகுப்பு, பின்பற்கள் ஒன்றோடொன்று உரசும் பக்கங்களில் வந்தால் இரண்டு, முன்பற்களின் இடுக்கில் வந்தால் மூன்று, அதே இடுக்குச் சொத்தை பல்லின் முனையையும் சேர்த்துத் தின்றிருந்தால் நான்கு, ஈறோரமாக வந்தால் ஐந்து. பற்களின் முகடுகளுக்கென்று ஆறாவது ஒன்றைப் பிற்பாடு சேர்த்தார்கள். எல்லாமே இடத்தை வைத்துத்தான். ஃபில்லிங்குக்குக் குழியை எப்படித் தயார் செய்வது என்று மாணவர்களுக்குச் சொல்லிக்கொடுக்க இது பிரமாதமான ஏற்பாடு. ஆழத்தைப் பற்றி அது வாயே திறக்காது.

ஆழத்துக்காகப் பின்னால் வந்தது ஐசிடாஸ் என்ற அளவீடு. 0 முதல் 6 வரை. பல்லைக் காயவைத்தால் மட்டும் வெள்ளையாகத் தெரிகிற தடம் 1, ஈரத்திலேயே தெரிந்தால் 2, எனாமல் லேசாக உடைந்திருந்தால் 3, உள்ளேயிருந்து கருநிழல் தெரிந்தால் 4, எனாமலுக்கு அடியில் இருக்கும் டென்டின் தெரியும் குழி 5, பல்லின் அந்தப் பரப்பில் பாதிக்குமேல் போயிருந்தால் 6. இது எனக்குப் பிடித்த அளவீடு. 1, 2 என்று எழுதும்போது டிரில்லைத் தொடாமல் ஃபுளோரைடு போட்டுக் கவனித்தால் போதும் என்று அந்த எண்ணே நினைவூட்டிவிடும்.

அடிபட்டு உடைந்த பல்லுக்கு வேறு கணக்கு. எனாமல் மட்டுமா, டென்டின் வரையா, உள்ளே நரம்பும் ரத்த நாளமும் இருக்கும் பற்கூழ் வெளியே தெரிகிறதா, வேர் முறிந்திருக்கிறதா என்று பார்ப்போம். விரிசல் விட்ட பல்லுக்கு ஐந்து வகை சொல்வார்கள்: எனாமலில் ஓடும் வெறும் கோடு, முகடு ஒன்று பெயர்ந்தது, மேலிருந்து கீழே இறங்கும் விரிசல், இரண்டாகப் பிளந்த பல், வேரிலேயே நெடுக ஓடும் முறிவு. முதல் வகையை நிறையப் பெரியவர்களின் முன்பல்லில் பார்க்கலாம், ஒன்றும் செய்ய வேண்டாம். கடைசி வகைதான் எங்களுக்குத் தலைவலி. உங்கள் 15-ஐப் பார்த்தவர் அதைத்தான் சந்தேகப்பட்டிருப்பார் என்பது என் ஊகம். அதற்கு வருகிறேன்.

சரி, கணிப்பு. ஒரு பல்லை எடை போடும்போது உள்ளே உயிர் இருக்கிறதா, வேரைச் சுற்றி எலும்பு எவ்வளவு, ஈறுக்கு மேலே நல்ல பல் எவ்வளவு மிச்சம் என்று மூன்றையும் தனித்தனியாகப் பார்க்கிறோம். மூன்றில் ஒன்று அடியோடு போயிருந்தால் மற்ற இரண்டும் நன்றாக இருந்து பிரயோஜனம் குறைவு. உயிர் மட்டும் விதிவிலக்கு. உயிர் போன பல்லை ரூட் கெனால் செய்து பல வருடம் ஓட்டலாம். ஒரு பல்லைப் பற்றி 'செத்துப்போச்சு' என்று நாங்கள் சொல்வதைக் கேட்டு முகம் வாடிப்போகிறார்கள். அந்த மூன்றில் எங்களால் ஓரளவு சுலபமாகச் சமாளிக்க முடிகிற விஷயம் அதுதான்.

உயிரைச் சோதிப்பது இப்படி. சின்னப் பஞ்சு உருண்டையில் குளிர்விக்கும் ஸ்பிரேயை அடித்து, உறைபனி படிந்ததும் முதலில் பக்கத்திலிருக்கும் நல்ல பல்லில் வைப்பேன். சாதாரணக் கூச்சம் எப்படி இருக்கும் என்று உங்களுக்கே தெரிய வேண்டும் அல்லவா, அதற்கு. அப்புறம் சந்தேகமான பல்லில். பஞ்சை எடுத்ததும் ஓரிரு நொடியில் அடங்கினால் பற்கூழ் வெறுமனே எரிச்சலடைந்திருக்கிறது, காரணத்தைச் சரிசெய்தால் தேறிவிடும். எடுத்த பிறகும் அரை நிமிடத்துக்குமேல் 'விண் விண்' என்று நின்றால் அது திரும்பாத கட்டம். எதுவுமே தெரியவில்லை என்றால் செத்திருக்கலாம், ஆனால் வயதானவர்களுக்குக் கூழ் இருக்கும் இடம் சுருங்கிவிடுவதால் உயிருள்ள பல்கூடச் சில சமயம் பதில் சொல்லாது. பிறகு கண்ணாடிக் கருவியின் பிடியால் பல்லின் தலையில் மெல்லத் தட்டிப் பார்ப்போம். தட்டும்போது வலித்தால் வேரின் நுனியைச் சுற்றி அழற்சி. உங்கள் 36 குளிருக்குச் சுரீர் என்கிறது என்றால் அதில் உயிர் இன்னும் இருக்கிறது. அந்த வகையில் அது நல்ல செய்தி. சுரீர் என்பது எத்தனை நொடி நிற்கிறது என்று நீங்கள் எழுதவில்லை. உங்கள் மருத்துவர் முதலில் கேட்டிருக்கும் கேள்வி அதுவாகத்தான் இருக்கும்.

எலும்பைப் பார்க்க எக்ஸ்ரே உண்டு, ஆனால் நான் அதிகம் நம்புவது மில்லிமீட்டர் கோடு போட்ட மெல்லிய ப்ரோபைத்தான். ஈறுக்கும் பல்லுக்கும் நடுவே இறக்கி, ஒவ்வொரு பல்லையும் சுற்றி ஆறு இடத்தில் அளந்து சத்தமாகப் படிப்போம். 3, 2, 3 என்று போனால் ஆரோக்கியம். 5, 6, 5 என்று சுற்றிலும் ஆழமாக இருந்தால் ஈறு நோய். 2, 3, 2 என்று போய்க்கொண்டிருக்கும்போது திடீரென்று ஒரே இடத்தில் ப்ரோப் 9 வரை விழுந்து, பக்கத்தில் ஒரு மில்லிமீட்டர் நகர்த்தினால் மறுபடி 2 என்று வந்தால்? குறுகலான, கிணறு மாதிரியான அந்த ஒற்றைப் பள்ளம் பெரும்பாலும் வேரின் முறிவுக் கோட்டை ஒட்டி எலும்பு கரைந்த தடம். ரூட் கெனால் செய்து போஸ்ட் வைத்த பல்லில், அதுவும் உங்கள் 15 போன்ற இரண்டாம் சிறுகடைவாய்ப் பல்லில், ஈறில் கொப்புளமும் சேர்ந்துகொண்டால் சந்தேகம் பலமாகிவிடும். அந்தக் கொப்புளம் சீழ் வெளியேறும் வழி. வழி திறந்திருப்பதால் அழுத்தம் ஏறுவதில்லை, உள்ளே நரம்பும் இல்லை, அதனால்தான் வலிக்கவில்லை. நெடுக முறிந்த வேரை ஒட்டவைக்க இன்றைக்கும் நம்பகமான வழி கிடையாது. இரண்டு மூன்று வேர் உள்ள பல்லாக இருந்தால் முறிந்த வேரை மட்டும் எடுத்துப் பார்க்கலாம், ஒற்றை வேர்ப் பல்லில் அதற்கும் இடமில்லை. ஆனால் ஒன்று: ரூட் கெனால் சரியாக ஆறாமல் போனாலும் இதே கொப்புளம் வரும், அதைத் திரும்பச் செய்து காப்பாற்றலாம். எனவே 15-இல் முறிவை நேரில் பார்த்தார்களா, பள்ளத்தை அளந்தார்களா, கொப்புளத்தை வைத்து மட்டும் சொன்னார்களா என்று கேட்பது உங்கள் உரிமை.

பல் ஆட்டத்தையும் அளப்போம். இரண்டு கருவிகளின் பிடியால் இரு பக்கமும் வைத்துத் தள்ளி, ஒரு மில்லிமீட்டருக்குள் என்றால் ஒன்று, அதற்குமேல் இரண்டு, கீழே அழுத்தினாலும் அமுங்கினால் மூன்று. கடைவாய்ப் பல்லில் வேர்கள் பிரியும் கவட்டில் எலும்பு போயிருக்கிறதா என்று வளைந்த ப்ரோபை விட்டுப் பார்ப்போம். அந்தப் பக்கம் வரை ப்ரோப் ஊடுருவிவிட்டால் அந்த இடத்தைச் சுத்தமாக வைத்துக்கொள்வது யாருக்கும் கஷ்டம்.

மூன்றாவது கேள்வியைத்தான் நோயாளிகள் யாரும் எதிர்பார்ப்பதில்லை. உங்கள் 36-க்குச் 'சந்தேகம்' என்று எழுதியதும் அநேகமாக இதனால்தான். குழி எவ்வளவு பெரியது என்பதைவிட, குழியைச் சுத்தம் செய்த பிறகு ஈறுக்கு மேலே எவ்வளவு நல்ல டென்டின் சுவராக நிற்கும் என்பதுதான் முக்கியம். உலக்கையின் முனையில் பூண் இறுக்கிப் பிடித்திருப்பது போல, கேப்பின் விளிம்பு பல்லைச் சுற்றிப் பிடிக்க வேண்டும். அந்தப் பிடிக்குச் சுற்றிலும் ஒன்றரை முதல் இரண்டு மில்லிமீட்டர் உயரத்துக்காவது சொந்தப் பல் இருப்பது நல்லது. இல்லாவிட்டால் கடிக்கிற விசை முழுக்கப் போஸ்டுக்கும் வேருக்கும் போய், ஒருநாள் கேப் கழன்று கையோடு வரும், அல்லது வேர் பிளக்கும். ரூட் கெனால் செய்த பற்களில் பின்னால் இழக்கப்படுவன பெரும்பாலும் இப்படி உடைந்தோ ஈறு நோயாலோதான் போகின்றன, ரூட் கெனால் தோற்றுப் போவது குறைவு. சுவர் போதாவிட்டால் ஈறையும் எலும்பையும் கொஞ்சம் குறைத்தோ, பல்லைக் கம்பி கட்டி மேலே இழுத்தோ உயரம் சம்பாதிக்கலாம். அதற்கு வேர் நீளமாக இருக்க வேண்டும். எலும்புக்குள் இருக்கும் வேர், வெளியே நிற்கும் பல்லின் நீளத்துக்குச் சமமாகவாவது மிஞ்ச வேண்டும் என்பது குறைந்தபட்ச வழக்கம்.

இப்போது அந்தச் சொற்கள். இங்கே ஒரு கூத்து இருக்கிறது. ஈறு நோய்க்கான பழைய ஐந்து படி முறையில் வரிசை இப்படி: நல்லது, சுமார், மோசம், சந்தேகம், தேறாது. ஆமாம், மோசத்துக்கு அப்புறம்தான் சந்தேகம். 2007-இல் குவாக், கேட்டன் இருவரும் முன்வைத்த நான்கு படி முறையில் சாதகம், சந்தேகம், பாதகம், தேறாது என்று வரும். அதில் சந்தேகம் இரண்டாம் இடம். ஒரே சொல், ஒரு முறையில் கடைசிக்கு முந்தியது, இன்னொன்றில் நல்லதுக்கு அடுத்தது. எந்த முறையில் எழுதினார் என்று கேட்காமல் 'சந்தேகம்' என்பதைப் பார்த்துப் பயந்து பிரயோஜனமில்லை.

இந்தக் கணிப்புகள் எவ்வளவு பலிக்கின்றன? மெக்கயர் என்ற ஈறு நோய் நிபுணர் 100 நோயாளிகளைத் தொடர்ந்து கவனித்து 1991-இல் எழுதினார். 'நல்லது' என்று குறித்த பற்கள் சொன்னபடி நடந்தன. அவற்றை ஒதுக்கிவிட்டு மீதிப் பற்களைப் பார்த்தால் கணிப்பு, காசு சுண்டிப் பார்ப்பதைவிடப் பெரிதாகத் தேறவில்லை. அதற்கு முன் 1978-இல் ஹிர்ஷ்ஃபெல்டும் வாசர்மனும் 600 பேரைச் சராசரியாக 22 வருடம் பின்தொடர்ந்து எழுதிய ஆய்வும் உண்டு. ஆரம்பத்தில் சந்தேகம் என்று குறித்த பற்களில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்குதான் போயின. அவர்கள் எல்லாரும் விடாமல் வந்து சுத்தம் செய்துகொண்டவர்கள் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். ஆக, கணிப்பில் பல்லைத் தாங்கும் ஆளும் ஒரு பகுதி. புகைபிடிப்பவரா, சர்க்கரை கட்டுக்குள் இருக்கிறதா, ராத்திரி பல்லை நறநறவென்று கடிப்பவரா, கூப்பிட்டால் வருவாரா. எந்த வேலைக்கு அந்தப் பல் என்பதும் மாறும். தனியாக நிற்கத் தெம்புள்ள பல், இல்லாத பல்லுக்குப் பதிலாகப் பக்கத்துப் பற்கள்மேல் கட்டும் பிரிட்ஜைத் தாங்கும் தூணாக வைத்தால் தாக்குப்பிடிக்காமல் போகலாம். இரண்டு மருத்துவர்கள் ஒரே பல்லுக்கு வெவ்வேறு சொல் எழுதுவதற்குப் பாதிக் காரணம் இதுவே.

'தேறாது' மட்டும் கொஞ்சம் வேறு. பிளந்த வேர், சுற்றிலும் எலும்பே இல்லாத பல் என்று கண்ணுக்கு முன்னால் காரணம் இருக்கும்போதுதான் அதை எழுத வேண்டும் என்பது என் கட்சி. வெறும் அலுப்பில் எழுதினால் அது நியாயமில்லை.

36-க்கு நீங்கள் செய்ய வேண்டியது இதுதான். பழைய ஃபில்லிங்கையும் சொத்தையையும் முழுக்க எடுத்துவிட்டு, அந்த நிலையில் நிறுத்தி எவ்வளவு சுவர் மிச்சம், விரிசல் ஏதும் குழியின் தரைக்கு இறங்குகிறதா என்று பார்த்துச் சொல்லச் சொல்லுங்கள். ரூட் கெனாலும் கேப்பும் தேவையா, தேவையென்றால் செய்யலாமா என்று அதற்குப் பிறகு முடிவு செய்யலாம். அன்றைக்கு அந்தச் சொல் மேலேயும் போகலாம், கீழேயும் போகலாம். 15-ஐப் பொறுத்தவரை வலி இல்லை என்பதற்காக மாதக்கணக்கில் தள்ளிப்போடாதீர்கள். முறிவு உறுதியானால், காத்திருக்கும் ஒவ்வொரு மாதமும் பக்கவாட்டு எலும்பு கரையும், பிற்பாடு அங்கே இம்ப்ளான்ட் வைக்க நினைத்தால் அந்த எலும்புதான் வேண்டும்.