மாய நிலத்துக்கு விதி எழுதுவது: வாசகர் கேள்வி பதில்

கேள்வி: நான் எழுதும் மாயாஜால நாவலில் ஒரு காடு வருகிறது. அங்கே மரங்கள் நடக்கும், நிழல் கடிக்கும், ஆறு பின்னோக்கி ஓடும். ஆனால் கைப்பிரதியைப் படித்தவர்கள் பயமே வரவில்லை என்கிறார்கள். எங்கே பிழை?

பதில்: எதுவும் நடக்கலாம் என்ற இடத்தில் வாசகர் எதையும் எதிர்பார்க்க மாட்டார். எதிர்பார்ப்பு இல்லையென்றால் பயமும் வராது. மூன்று விந்தைகளில் இரண்டை நீக்கிவிடுங்கள். நிழல் மட்டும் இருக்கட்டும், மூன்றில் அதுதான் உயர்ந்த கற்பனை. அது எப்போது வலுக்கும், எங்கே நின்றுவிடும், வருமுன் என்ன தெரியும் என்று முடிவு செய்யுங்கள்.

உண்மையான நிலங்கள் இப்படித்தான் கொல்கின்றன. 1986 ஆகஸ்ட் 21 இரவு, காமரூன் நாட்டின் நியோஸ் ஏரியின் அடியில் கரைந்து கிடந்த கரியமில வாயு திடீரென்று பீறிட்டு வெளியேறியது. சுமார் 1,700 பேர் இறந்தார்கள். அந்த வாயு காற்றைவிட ஒன்றரை மடங்கு கனமானது. அதனால் பள்ளத்தாக்குகள் வழியாக இறங்கித் தாழ்வான இடங்களில் தேங்கியது. ‘கனமானது கீழே இறங்கும்’ என்ற ஒரே விதிதான் மேட்டில் இருந்தவரையும் பள்ளத்தில் தூங்கியவரையும் பிரித்தது.

உங்கள் நிழலுக்கும் அப்படி ஒரு விதி கொடுங்கள். உதாரணமாக, மரநிழலின் விளிம்பு, அதாவது வெயிலும் நிழலும் சந்திக்கும் கோடு மட்டுமே கடிக்கும் என்று வையுங்கள். இனி காடு தானாகவே உருவாகும். அடர்ந்த காட்டின் நடுவில் முழுக்க இருட்டு, விளிம்பே இல்லை, எனவே பாதுகாப்பு. தனித்தனி மரங்கள் நிற்கும் வெளிதான் மரண பூமி. மேகம் மூடிய நாள் நல்ல நாள். காற்று வீசும் நாள் மிக மோசம், ஏனென்றால் விளிம்புகள் ஆடும். நிலவு நாளில் நடக்கக் கூடாது. அமாவாசை இருட்டில் நடக்கலாம், ஆனால் விளக்கு ஏற்றக் கூடாது. விளக்கை ஏந்தி ஒருவர் நடந்தால் சுற்றியுள்ள எல்லா மரங்களின் நிழலும் அவரோடு சேர்ந்து நகரும்.

நேரத்தைக் கணக்கிடுவதும் சுலபம். சூரியன் 45 பாகை உயரத்தில் இருக்கும்போது நிழல் மரத்தின் உயரமே இருக்கும். 30 பாகையில் 1.7 மடங்கு, 15 பாகையில் 3.7 மடங்கு. 20 மீட்டர் மரத்தின் நிழல் மாலையில் 75 மீட்டர் வரை எட்டும். சூரியன் மணிக்கு 15 பாகை நகர்வதாகத் தோன்றும். அப்படியானால் 45 பாகையிலிருந்து 15 பாகைக்கு இறங்க ஏறத்தாழ இரண்டு மணி நேரம். உங்கள் விரட்டல் காட்சிக்கான அவகாசம் அதுதான்.

கேள்வி: இந்த நிலம் எவ்வளவு பெரியதாக இருக்க வேண்டும்?

பதில்: சுமையை வைத்து அளவெடுங்கள். உள்ளே நல்ல தண்ணீர் கிடையாது என்று கொள்வோம். வெப்பத்தில் நடப்பவருக்கு ஒரு நாளைக்கு நான்கு லிட்டர் தண்ணீர், ஒரு கிலோ உலர் உணவு என்றால் ஐந்து கிலோ ஆகிறது. இருபது கிலோ சுமந்தால் நான்கு நாள். நிழல் குறுகியிருக்கும் உச்சிக்கு முன்னும் பின்னும் இரண்டிரண்டு மணி நேரம் மட்டும், கரடு வழியில் மணிக்கு மூன்று கிலோமீட்டர் நடந்தால் ஒரு நாளைக்கு 12 கிலோமீட்டர். நான்கு நாளில் 48. எனவே 60 கிலோமீட்டர் அகலம் போதும், கடக்க முடியாத காடு தயார். நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் வரைந்துவிட்டு இடையில் கிராமங்களை நுழைப்பதுதான் புதியவர்கள் வழக்கமாகச் செய்யும் தவறு.

ஒரு நாள் நடைக்கு ஒரு அடர்ந்த தோப்பு வரைபடத்தில் இருந்தாக வேண்டும், மற்ற நேரமெல்லாம் பயணிகள் ஒதுங்குவது அங்கேதான். ஒரு தோப்பை எரித்துவிட்டால், கதையில் ஒரு பயணத்தையே முறித்துவிடலாம்.

கேள்வி: அங்கே என்ன உயிர்கள் வாழும்? எல்லாம் அசுர விலங்குகளாகத்தான் இருக்க வேண்டுமா?

பதில்: வேண்டாம். நமக்கு நஞ்சாக இருக்கும் நிலம் வேறொரு உயிருக்குக் கோட்டை. தான்சானியாவின் நேட்ரான் ஏரி, தோலை அரிக்கும் காரத்தன்மை கொண்டது. அங்கேதான் சிறிய பூநாரைகள் பெருந்திரளாகக் கூடு கட்டுகின்றன, வேட்டை விலங்குகள் அந்தச் சேற்றைத் தாண்டி எளிதில் வர முடியாது. உங்கள் காட்டிலும் தோப்புக்குள் மட்டும் வாழும் பறவை ஒன்று இருந்தால், அதன் குரல் வரும் திசை பாதுகாப்பான திசை.

திணை மரபில் நிலமும் பொழுதும் முதற்பொருள்; தெய்வம், உணவு, விலங்கு, மரம், தொழில் எல்லாம் அதிலிருந்து எழும் கருப்பொருள். அந்த வரிசையிலேயே யோசியுங்கள். மனிதர் ஏன் உள்ளே போகிறார்கள் என்பதையும் மறக்க வேண்டாம். இந்தோனேசியாவின் ஈஜென் எரிமலை வாயில் நச்சுப் புகைக்கு நடுவே தொழிலாளர்கள் கந்தகம் வெட்டிச் சுமந்திருக்கிறார்கள். பிழைப்புதான் வலுவான காரணம்.

கேள்வி: விதியை வாசகருக்கு எப்போது சொல்லலாம்?

பதில்: அறிகுறியை முதல் அத்தியாயத்திலேயே காட்டுங்கள். காரணத்தைத் தள்ளிப்போடலாம், சொல்லாமலும் விடலாம்.

கேள்வி: என் கதாநாயகி மந்திரவாதி. மந்திரத்தால் எளிதாகக் கடந்துவிடுவாளே?

பதில்: கடக்கட்டும், ஆனால் அவகாசம் குறைவாக இருக்கட்டும். மெக்சிகோவின் நைக்கா சுரங்கத்தில், பத்து மீட்டருக்கும் மேல் நீண்ட ஜிப்சம் படிகங்கள் நிறைந்த ஒரு குகை இருக்கிறது. இப்போது அது நீரில் மூழ்கிவிட்டது; ஆய்வாளர்கள் போய்வந்த காலத்தில் வெப்பம் 58 பாகை செல்சியஸ், ஈரப்பதம் 90 சதவீதத்துக்கு மேல். வியர்வை ஆவியாகாததால் உடல் தன்னைக் குளிர்வித்துக்கொள்ள முடியாது. பனிக்கட்டி வைத்த உடை அணிந்த ஆய்வாளர்களுக்கே ஒரு மணி நேரம் தாங்குவது கடினமாக இருந்தது. மந்திரத்தையும் அந்த உடையைப் போல் நடத்துங்கள்: உருகிக்கொண்டே இருக்க வேண்டும், எவ்வளவு மிச்சம் என்று அவளுக்குத் தெரிய வேண்டும்.

இன்னொன்று, மந்திரம் தோற்பது நிலத்தின் விதியாலேயே நடக்கட்டும். அவள் மந்திரம் சொல்லும்போது கை ஒளிரும் என்று எழுதியிருந்தால், அந்த ஒளியே மரங்களுக்கு நிழலைக் கொடுத்துவிடும். தோப்புக்குள் அவள் மந்திரம் சொல்லவே கூடாது.