அயர்லாந்தின் சிரிப்பு – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

நான் ஆங்கில இலக்கியம் படிக்கும் மாணவி. ஐரிஷ் எழுத்தாளர் ஜொனாதன் ஸ்விஃப்டின் 'ஒரு எளிய யோசனை' என்ற கட்டுரை எங்களுக்குப் பாடமாக இருக்கிறது. உலகின் மிகச்சிறந்த அங்கதங்களில் ஒன்று என்று வகுப்பில் சொன்னார்கள். பச்சைக் குழந்தைகளைச் சமைத்துத் தின்னச் சொல்வதில் என்ன சிரிப்பு இருக்கிறது? எனக்கு வயிற்றைப் புரட்டியது. ஐரிஷ் நகைச்சுவை என்று நான் அதுவரை கேள்விப்பட்டதெல்லாம் குடிகார ஐரிஷ்காரன் ஜோக்குகளும் ஆஸ்கர் வைல்டின் ஒருவரிகளும்தான். இதெல்லாம் ஒரே மரபா? எதிலிருந்து தொடங்கி வாசிக்கலாம்?

ஒரு வாசகி

அன்புள்ள வாசகிக்கு,

வயிற்றைப் புரட்டியது என்றால் சரியாகத்தான் வாசித்திருக்கிறீர்கள். அந்தக் கட்டுரை அதற்காகவே எழுதப்பட்டது.

ஸ்விஃப்ட் அப்போது டப்ளின் செயின்ட் பேட்ரிக் தேவாலயத்தின் டீன், அதாவது தலைமைக் குரு. உள்நாட்டுத் துணியையே உடுத்துங்கள் என்று 1720-இல் எழுதினார். 1724-இல், அயர்லாந்தை ஆண்ட இங்கிலாந்து அதன் தலையில் கட்டப் பார்த்த செப்புக் காசுகளை எதிர்த்து ஒரு துணி வியாபாரியின் பெயரில் கடிதங்கள் எழுதினார். எழுதியவரைக் காட்டிக்கொடுத்தால் 300 பவுண்டு பரிசு என்று அரசு அறிவித்தும், அது யார் என்று ஊருக்கே தெரிந்திருந்தும், ஒருவரும் வாய் திறக்கவில்லை. இத்தனைக்குப் பிறகும் தெருவில் பிள்ளைகளை இழுத்துக்கொண்டு பிச்சையெடுக்கும் தாய்மார்கள் குறையவில்லை என்ற நிலையில்தான், 1729-இல், அவர் குரலை மாற்றிக்கொள்கிறார். கோபத்தை உள்ளே வைத்துப் பூட்டிவிட்டு ஒரு பொருளாதார நிபுணரைப் போலப் பேசுகிறார். ஏழைகளுக்கு ஆண்டுக்கு 1,20,000 குழந்தைகள் பிறக்கின்றன, 20,000 பேரை இனப்பெருக்கத்துக்கு நிறுத்திக்கொள்ளலாம், மீதி ஒரு லட்சத்தை ஒரு வயதில் விற்றுவிடலாம், விலை பத்து ஷில்லிங், அதில் தாய்க்கு எட்டு ஷில்லிங் லாபம். அந்தக் காலத்து அறிக்கைகள் உண்மையிலேயே மனிதர்களை இப்படித்தான் எண்ணின. வில்லியம் பெட்டி போன்ற பொருளாதார அறிஞர்கள் அயர்லாந்தின் நிலத்தையும் அதில் வாழ்ந்த ஆட்களையும் சேர்த்தே கணக்குப் போட்டவர்கள். ஸ்விஃப்ட் அந்தக் கணக்கை இன்னும் இரண்டு வரி நீட்டிப் போட்டுக் காட்டினார், அவ்வளவுதான்.

இரண்டு இடங்களை மட்டும் நின்று வாசியுங்கள். இந்த இறைச்சி கொஞ்சம் விலை அதிகம்தான், ஆகவே நிலப்பிரபுக்களுக்கே பொருத்தமானது, பெற்றோரில் பெரும்பாலோரை அவர்கள் ஏற்கெனவே தின்றுவிட்டபடியால் பிள்ளைகள்மீதும் அவர்களுக்குத்தான் முதல் உரிமை என்று ஒரு வாக்கியம் வரும். உங்கள் குமட்டல் யார்மீது திரும்பவேண்டுமோ அவர்கள்மீது அங்கே திரும்பிவிடுகிறது. இன்னொன்று கடைசிப் பகுதியில். வேறு தீர்வுகளைப் பற்றி என்னிடம் யாரும் பேசவேண்டாம் என்று சொல்லி ஒரு பட்டியல் போடுகிறார். வெளிநாட்டில் உட்கார்ந்து வாடகை வாங்கும் நிலப்பிரபுக்களுக்கு வரி போடுவது, உள்நாட்டுப் பொருளை வாங்குவது, குத்தகைக்காரர்களிடம் கொஞ்சமாவது இரக்கம் காட்டுவது. இவற்றில் பெரும்பாலானவை அவரே பல வருடம் தொண்டை வறளச் சொல்லி யாரும் காதில் போட்டுக்கொள்ளாத யோசனைகள். அந்தப் பட்டியலை வாசிக்கும்போதெல்லாம் எனக்குக் கண் கலங்கும்.

ஐரிஷ் நகைச்சுவையின் உயிர் இங்கேதான் இருக்கிறது என்று நான் நம்புகிறேன். ஆள்பவனின் மொழியை அவனைவிடச் சுத்தமாக, முகத்தில் ஒரு சலனமும் இல்லாமல், அவனிடமே திருப்பிப் பேசுவது. குடிகார ஐரிஷ்காரன் இந்த மரபில் சேரமாட்டான். அவன் ஆங்கிலேய மேடைகள் தங்கள் பார்வையாளர்களுக்காகத் திரும்பத் திரும்பச் செய்துகொண்ட உருவம். வைல்ட் சேர்வார். 1854-இல் டப்ளினில் பிறந்தவர், லண்டன் மேட்டுக்குடியின் பேச்சை அவர்களே கைதட்டும்படி அவர்கள் மேடையிலேயே கவிழ்த்தவர். 1895 பிப்ரவரியில் அவருடைய புகழ்பெற்ற நாடகம் அரங்கேறியது, அதே ஆண்டு மே மாதம் அதே சமூகம் அவரைச் சிறைக்கு அனுப்பியது. ஒருவரிகளாகப் பிய்த்துப் பிய்த்து அனுப்பும்போது இதெல்லாம் காணாமல் போய்விடுகிறது.

உங்களுக்கு நான் முக்கியமாகச் சொல்ல விரும்புவது ஃபிளான் ஓ'பிரையன். இயற்பெயர் பிரையன் ஓ'நோலன், 1911-இல் பிறந்தவர், டப்ளினில் அரசு ஊழியர், வீட்டில் ஐரிஷ் பேசி வளர்ந்தவர். 1941-இல் ஐரிஷ் மொழியில் ஒரு சிறிய நாவல் எழுதினார். 'ஆன் பேல் பொக்த்' (ஏழை வாய்) என்று பெயர். ஓயாத மழை, மூன்று வேளையும் உருளைக்கிழங்கு, குடிசைக்குள்ளேயே பன்றிகள். கதைசொல்லும் சிறுவன் முதல் நாள் பள்ளிக்குப் போகிறான். வாத்தியார் ஆங்கிலத்தில் பெயர் கேட்கிறார். அவன் தன் பெயரைப் பரம்பரை முழுக்கச் சேர்த்து ஐரிஷில் சொல்லத் தொடங்குகிறான், முடிப்பதற்குள் துடுப்பால் மண்டையில் ஓர் அடி விழுகிறது, உன் பெயர் ஜேம்ஸ் ஓ'டானல் என்கிறார் வாத்தியார். அடுத்த பையனுக்கும் அதே அடி, அதே பெயர். வகுப்பு முழுக்க ஜேம்ஸ் ஓ'டானல்கள்! சிரித்துக்கொண்டே வாசிக்கிறோம். நாவலின் முடிவில் இருபத்தொன்பது வருடத் தண்டனையோடு சிறைக்குப் போகும் அவன், அதே இருபத்தொன்பது வருடத்தை முடித்துவிட்டு வெளியே வரும் ஒரு கிழவனைப் பார்க்கிறான். உங்கள் பெயர் என்ன என்று கேட்கிறான். ஜேம்ஸ் ஓ'டானல். அது அவன் அப்பா.

ஓ'பிரையன் ஏழைகளைக் கேலி செய்கிறார் என்று சிலர் சொல்வார்கள், எனக்கு அது சரியாகப் படவில்லை. டப்ளினிலிருந்து ஒலிப்பதிவுக் கருவியோடு வரும் ஒரு கனவான், இருட்டில் பன்றி உறுமுவதைத் தூய பழங்கால ஐரிஷ் என்று பதிவு செய்துகொண்டு போக, அறிஞர்கள் அதைக் கொண்டாடுவார்கள். பட்டினி கிடப்பவனின் மொழியை மட்டும் காதலித்துவிட்டு அவன் பட்டினியைப் பார்க்காமல் போகிறவர்கள்மீதுதான் அவருக்கு ஆத்திரம்.

துயரத்தின் நடுவில் சிரிப்பதும் அந்த மண்ணில் புதிதல்ல. இறந்தவரைக் கூடத்தில் கிடத்தி இரவு முழுக்க விளையாட்டும் பாட்டுமாக விழித்திருப்பது அங்கே பழைய வழக்கம். கத்தோலிக்கத் திருச்சபை நூற்றாண்டுக்கணக்கில் தடை போட்டும் அது எளிதில் நிற்கவில்லை. டப்ளின்காரரான நாடகாசிரியர் சாமுவேல் பெக்கெட்டின் ஒரு நாடகத்தில் குப்பைத்தொட்டிக்குள் இருக்கும் கிழவி, துயரத்தைவிட வேடிக்கையானது எதுவும் இல்லை என்கிறாள். அவள் விளையாட்டுக்குச் சொல்லவில்லை.

சரி, எங்கே தொடங்குவது? ஸ்விஃப்டை இன்னொருமுறை, இந்தத் தடவை வாய்விட்டு, எந்த உணர்ச்சியும் காட்டாத அரசு அறிக்கைக் குரலில் வாசியுங்கள். அப்புறம் ஓ'பிரையனின் 'ஆன் பேல் பொக்த்'. பேட்ரிக் பவரின் ஆங்கில மொழிபெயர்ப்பு 1973-இல் வந்தது, சின்னப் புத்தகம். அது பிடித்துப்போனால் அதே ஆசிரியரின் 'மூன்றாவது போலீஸ்காரன்' நாவலுக்குப் போங்கள். பதிப்பகம் திருப்பி அனுப்பிவிட்டதால் அவர் உயிரோடு இருந்தவரை வெளிவராமல், 1967-இல்தான் அச்சேறியது. பெக்கெட்டுக்கு அவசரமில்லை, கடைசியில் வைத்துக்கொள்ளலாம்.

அன்புடன்