வாசகர் கேள்வி பதில்: டாமரின் குரங்குகள்

டாமரின், தென்னமெரிக்கக் காடுகளில் வாழும் சின்னஞ்சிறு குரங்கு. இம்மாதக் கேள்விகள் எல்லாம் மலேசியாவின் சுங்கை சிப்புட் வட்டாரத்திலிருந்து வந்தவை.

கேள்வி: அறிவியல் புதிர்ப்போட்டிக்குப் படிக்கிறேன். டாமரினும் அதன் உறவுக் குரங்கான மார்மோசெட்டும் படத்தில் ஒன்றுபோலவே இருக்கின்றன. எப்படிப் பிரிப்பது? (தமிழ்ப்பள்ளி மாணவர்)

பதில்: தம்பி, முதலில் வாயைப் பாருங்கள். மார்மோசெட்டின் கீழ்த்தாடை முன்பற்கள் கோரைப்பல் உயரத்துக்கு நீண்டிருக்கும். அவற்றை உளிபோல் வைத்து மரப்பட்டையைக் குடைந்து, வடிகிற பிசினைத் தின்னும். டாமரினுக்கு முன்பற்கள் குட்டை, கோரைப்பல்தான் தூக்கலாகத் தெரியும். அதனால் அது பட்டையைக் குடையாது. பூச்சி அரித்த இடத்திலோ கிளை முறிந்த இடத்திலோ வடிந்து கிடக்கும் பிசினோடு திருப்தி அடையும். பழம், பூந்தேன், வெட்டுக்கிளி, சிறு பல்லி ஆகியவையே அதன் முக்கிய உணவு. வாய் மூடிய படமாக இருந்தால் காதையும் வாலையும் பாருங்கள். காதோரம் வெள்ளைக் குஞ்சமும் வாலில் வளையங்களும் இருந்தால் அது மார்மோசெட்.

போட்டியில் கேட்கக்கூடிய ஒன்று: டாமரினுக்கும் நம்மூர் நீள்வால் குரங்கான கேராவுக்கும் மொத்தப் பற்கள் 32தான். ஆனால் கேராவுக்குத் தாடையின் ஒவ்வொரு பக்கத்திலும் கடைவாய்ப் பற்கள் மூன்று, டாமரினுக்கு இரண்டே. அந்தக் குறையை முன்கடைவாய்ப் பல் ஒன்று கூடுதலாக இருந்து ஈடுகட்டுகிறது.

கேள்வி: வகுப்பறைச் சுவருக்கு டாமரின் வகைகளை வரைந்து ஒட்டப் போகிறோம். எவற்றைச் சேர்க்கலாம்? எதில் பிழை வரும்? (ஆசிரியை)

பதில்: ஐந்து போதும் டீச்சர். எம்பரர் டாமரினுக்கு உடல் சாம்பல் நிறம், மீசை வெள்ளை. மீசை இரு பக்கமும் நீண்டு தொங்க வேண்டும். ஆணுக்கு மட்டும் வரைந்துவிடாதீர்கள், பெண்ணுக்கும் உண்டு. பெரு, பிரேசில், பொலிவியா எல்லைக் காடுகளில் வாழ்கிறது. காட்டன்-டாப் டாமரினுக்கு நெற்றியிலிருந்து பிடரி வரை வெள்ளை முடி சிலிர்த்து நிற்கும். கொலம்பியாவின் வடமேற்கு மூலை தவிர வேறெங்கும் இயற்கையில் இல்லை. 1960களிலும் 70களிலும் மருத்துவ ஆய்வுக்காக ஆயிரக்கணக்கில் அமெரிக்காவுக்கு ஏற்றுமதி செய்தார்கள், காடும் அழிந்தது. இன்று அது மிக அருகிய இனம். கயானா, சுரினாம் பக்கத்து ரெட்-ஹேண்டட் டாமரின் கறுப்பு உடல். கையும் காலும் மட்டும் மஞ்சள் கலந்த செம்மை. பைட் டாமரினுக்கு முகத்தில் முடியில்லை, முன்பாதி வெள்ளை, பின்பாதி பழுப்பு. பிரேசிலின் மனாவ்ஸ் நகரைச் சுற்றிய சிறு வட்டாரமே அதன் வீடு. நகரம் வளர வளர அதன் காடு துண்டாகிறது. ஐந்தாவது, ரியோ டி ஜெனிரோ மாநிலக் கரையோரக் காட்டின் கோல்டன் லயன் டாமரின், உடல் முழுக்கப் பொன்னிறம், முகத்தைச் சுற்றிப் பிடரி மயிர்.

குழந்தைகள் வாலில் தொங்குவதுபோல் வரைவார்கள். அதைத் திருத்துங்கள். டாமரின் வால் உடலைவிட நீளம், ஆனால் எதையும் பற்றிக்கொள்ளாது. தாவும்போது சமநிலைக்கு மட்டுமே உதவும். விரல்களில் தட்டை நகம் வேண்டாம், கூர்நகம் போடுங்கள். கால் பெருவிரலில் மட்டும் தட்டை நகம். அளவுக்குப் பக்கத்தில் ஒரு கேராவை வரையலாம்: ஆண் கேரா 5 கிலோவுக்கு மேல், டாமரின் பெரும்பாலும் அரைக் கிலோ. மொத்த வகைகளின் எண்ணிக்கையைத் தலைப்பில் எழுதாதீர்கள். சேடில்-பேக் டாமரின்களை 2016இல் தனிப் பேரினமாகப் பிரித்தார்கள். இந்த வகைப்பாடு இன்னும் மாறிக்கொண்டே இருக்கிறது.

கேள்வி: அப்பா குரங்குதான் குட்டியைத் தூக்குமாமே? (வாசகி)

பதில்: ஆமாம். பெரும்பாலும் இரட்டைக் குட்டிகள், அவையும் தாயின் உடலுக்குப் பெரிய சுமை. பால் குடிக்கும் நேரம் போக, தகப்பனும் மூத்த பிள்ளைகளும் மாற்றி மாற்றிச் சுமப்பார்கள். தம்பி தங்கையைச் சுமந்து பழகாமல் தனியே வளர்க்கப்பட்ட காட்டன்-டாப், பின்னாளில் தன் குட்டியையே ஒதுக்கிவிடுவதுண்டு.

கேள்வி: நம் பால்மரத்தின் (ரப்பர் மரத்தின்) பூர்வீகமே அமேசான்தான். அப்படியானால் டாமரின் நம் தோட்டத்திலும் பிழைக்குமா? (ஓய்வுபெற்ற தோட்டக் கிராணி)

பதில்: பக்கத்துக் கோலகங்சாரில் 1877இல் நட்ட கன்றுகள், அதற்கு முந்தைய ஆண்டு அமேசானிலிருந்து எடுத்துப்போன விதையின் வாரிசுகள்தான் ஐயா. வெயிலும் மழையும் டாமரினுக்குப் பொருந்தும். தோட்டம் பொருந்தாது. அமேசானில் பால்மரம் நூறு வகை மரங்களுக்கு நடுவே ஒன்றாக நிற்கிறது; இங்கே வரிசை வரிசையாக அது மட்டுமே. ஆண்டு முழுக்க ஏதாவது ஒரு மரம் பழுத்திருந்தால்தான் டாமரின் கூட்டம் பசியாறும். பருந்துக்கு மறைய கொடிப் பின்னல் வேண்டும். லயன் டாமரின்கள் இரவில் மரப்பொந்தில் படுக்கும், மரத்தில் தொற்றி வளரும் அன்னாசிக் குடும்பச் செடிகளின் இலைக்கக்கத்தில் விரலை விட்டுப் பூச்சி பிடிக்கும். கோல்டன் லயனின் ஒரு குடும்பம் சுற்றித் திரிய சுமார் நூறு ஏக்கர் காடு தேவைப்படுகிறது. பால்மரமோ செம்பனையோ மட்டும் நட்ட நிலத்தில் இவற்றில் எதுவும் கிடைக்காது.

ஆனால் தோட்டம் என்றாலே ஆகாது என்றும் சொல்ல முடியாது. பிரேசிலின் பாயியா மாநிலத்தில், பெரிய காட்டு மரங்களை வெட்டாமல் அவற்றின் நிழலில் கொக்கோ பயிரிடுகிறார்கள். அங்கே கோல்டன்-ஹெடட் லயன் டாமரின் குடியிருக்கிறது. விரும்பித் தின்பது என்ன தெரியுமா? நம் ஆசியாவிலிருந்து போன பலாப்பழம்! மரத்தை விட்டுவைத்தால் பிராணியும் இருக்கும் என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி தேவையில்லை. கோல்டன் லயன் 1970களில் சில நூறாகக் குறைந்திருந்தது. விலங்குக் காட்சிசாலைகளில் பிறந்தவற்றைக் காட்டில் விட்டு, துண்டுக் காடுகளை மரம் நட்டு இணைத்தார்கள். நடுவில் மஞ்சள் காய்ச்சல் பரவித் தொகை சரிந்தது. 2023இல் வெளியான கணக்கில் சுமார் 4,800. நெடுஞ்சாலைக்கு மேலே செடி வளர்த்த பாலமும் 2020இல் அமைந்தது. பினாங்கு தெலுக் பகாங்கில் லோத்தோங் குரங்குகள் சாலையைக் கடக்க, பழைய தீயணைப்புக் குழாயில் 2019இல் கட்டிய பாலமும் இதே நோக்கத்தில்தான்.

கேள்வி: இணையத்தில் டாமரின் குட்டி விற்பனைக்கு வருகிறது. மகன் அடம் பிடிக்கிறான். வாங்கலாமா? (வாசகர்)

பதில்: வாங்காதீர்கள். அருகிவரும் உயிரினங்களின் பன்னாட்டு வணிகத்தைக் கட்டுப்படுத்தும் சைட்டிஸ் ஒப்பந்தப் பட்டியலில் எல்லாக் குரங்கினமும் உண்டு. காட்டன்-டாப், பைட், லயன் டாமரின்கள் அதன் கடுமையான முதல் பட்டியலில். மலேசியாவில் 2008ஆம் ஆண்டின் 686ஆம் சட்டமும் 2010ஆம் ஆண்டின் 716ஆம் சட்டமும் இதைக் கண்காணிக்கின்றன. "பேப்பர் எல்லாம் இருக்கு" என்று விற்பவர் சொன்னால், அந்த ஆவணத்தை வனவிலங்குத் துறையான பெர்ஹிலித்தான் அலுவலகத்தில் காட்டிக் கேளுங்கள்.

சட்டத்தை ஒதுக்கி வைத்தாலும் வீடு அதற்கு ஏற்ற இடமில்லை. தென்னமெரிக்கக் குரங்குகளின் உடல் வைட்டமின் டி2-வைச் சரியாகப் பயன்படுத்தாது. டி3 வேண்டும், அல்லது தோலில் நேரடி வெயில் பட வேண்டும். கண்ணாடி ஜன்னல் வழியே வரும் வெயிலில் தேவையான கதிர் இருக்காது. வாழைப்பழமும் பிஸ்கட்டுமாகக் கொடுத்தால் சுண்ணாம்புச் சத்து குறைந்து எலும்பு வளைந்துவிடும். தாவத் தயங்குவதும் கை நடுக்கமும் முதல் அறிகுறிகள். மனித உதட்டில் கொப்புளம் தரும் ஹெர்பிஸ் கிருமி, டாமரினைச் சில நாளில் கொல்லக்கூடும். குழந்தை முத்தம் கொடுத்தாலே போதும். தனியாக வைத்தால் கூட்டத்தைத் தேடிக் கத்தும். வளர்ந்ததும் கடிக்கும். சிறுநீராலும் சுரப்பியாலும் எங்கும் வாசனைக் குறி வைக்கும், எத்தனை முறை கழுவினாலும் மறுபடி வைக்கும்.

ஏற்கெனவே யார் வீட்டிலாவது இருந்தால் பெர்ஹிலித்தானிடம் தெரிவிக்கச் சொல்லுங்கள். ஒப்படைக்கும் வரை நிழலும் வெயிலும் மாறி வரும் இடத்தில் கூண்டை வையுங்கள், ஒளிந்துகொள்ள ஒரு மரப்பெட்டி போடுங்கள், சளியோ உதட்டுப் புண்ணோ உள்ளவர் கிட்டே போக வேண்டாம். எக்காரணத்துக்கும் பக்கத்துக் காட்டில் திறந்துவிடாதீர்கள். ரியோ அருகே நித்தெரோயில் அப்படி விடப்பட்ட கோல்டன்-ஹெடட் கூட்டம் பெருகி, கோல்டன் லயனின் காட்டுக்கே ஆபத்தாகி, ஒவ்வொன்றாகப் பிடித்துப் பாயியாவுக்குத் திருப்பி அனுப்ப வேண்டியதாயிற்று.