கேளுங்கள் அண்ணாச்சி: ஆப் இருந்தது, ஆர்டர் இருந்தது, காசு எங்கே போனது?

கேள்வி: அண்ணாச்சி, சென்னையில் ஐடி வேலையை விட்டுவிட்டு, நண்பர்கள் இரண்டு பேரோடு நாகர்கோவிலில் மீன் டெலிவரி ஆப் தொடங்கினேன். குளச்சல், முட்டம் மீனை வெட்டிச் சுத்தம் செய்து வீட்டுக்கே கொண்டு கொடுத்தோம். நாளைக்கு 40 ஆர்டர் வரை வந்தது, ஆனாலும் மூட வேண்டியதாகிவிட்டது. போனது 9 லட்சம், அதில் 4 லட்சம் அக்காவின் நகையை அடகு வைத்தது. ஒரு ஆர்டர் சராசரி 450 ரூபாய். ஏலத்தில் மீன் 330, ஐஸும் கவரும் 20, வெட்டுக்கூலி 30, டெலிவரி 50, டிஸ்கவுண்ட் 50. விளம்பரம் போதவில்லை என்கிறான் ஒரு நண்பன், இன்னொருவன் பேசுவதே இல்லை. இதிலிருந்து நான் என்ன கற்றுக்கொள்ள வேண்டும்?
- பெயர் வேண்டாம், மார்த்தாண்டம்

பதில்: தம்பி, விடை உங்கள் கேள்விக்குள்ளேயே இருக்கிறது. 450-இல் டிஸ்கவுண்ட் போக கைக்கு வந்தது 400, செலவு 430. ஒவ்வொரு ஆர்டருக்கும் 30 ரூபாய் நஷ்டம், 40 ஆர்டர் போன நாளில் 1,200 ரூபாய் நஷ்டம், இதில் கடை வாடகையும் ஆப் செலவும் உங்கள் மூன்று பேர் சாப்பாடும் இன்னும் சேரவே இல்லை. விளம்பரம் கூடியிருந்தால் ஆர்டர் கூடியிருக்கும், நகை இன்னும் சீக்கிரம் கரைந்திருக்கும். நண்பரிடம் இந்தக் கணக்கைக் காட்டுங்கள்.

இப்போது செய்ய வேண்டிய முக்கியமான வேலை ஒன்று இருக்கிறது, ஞாபகம் பழசாகும் முன் செய்துவிடுங்கள். பழைய ஆர்டர் பட்டியலை எடுத்து, டிஸ்கவுண்ட் இல்லாத நாளில் முழு விலை கொடுத்து இரண்டாவது தடவை, மூன்றாவது தடவை வாங்கியவர்களை மட்டும் தனியாகப் பிரித்தெடுங்கள். டவுன்லோட் எண்ணிக்கையை மறந்துவிடலாம், உங்கள் உண்மையான வாடிக்கையாளர் இவ்வளவு பேர்தான். அப்புறம், வாங்கி நிறுத்தியவர்களில் இருபது பேருக்குப் போன் போடுங்கள். "எங்கள் சர்வீஸ் எப்படி இருந்தது?" என்று கேட்டால் எல்லோரும் நல்லாயிருந்தது என்றுதான் சொல்வார்கள், நம்ம ஊர்க்காரர்கள் முகத்துக்கு நேரே குறை சொல்லமாட்டார்கள். "போன வாரம் மீன் யாரிடம் வாங்கினீர்கள்?" என்று கேளுங்கள்.

பாதிப் பேர் வாசலுக்கு வரும் மீன்கார அக்காவைச் சொல்வார்கள் என்றுதான் நினைக்கிறேன். அவர் செவுளைத் தூக்கிக் காட்டுவார், பேரம் பேசலாம், காசு இல்லாத நாளில் பற்று வைப்பார், எந்த வீட்டில் சாளை, எந்த வீட்டில் நெத்திலி என்பது அவருக்கு மனப்பாடம். உங்களுக்குப் போட்டி பெங்களூர் கம்பெனி எதுவும் இல்லை, இந்த அக்காதான். அவரிடம் இல்லாத எதை நீங்கள் கொடுத்தீர்கள்? வெட்டிச் சுத்தம் செய்தது ஒன்றுதான். இரண்டு பேரும் வேலைக்குப் போகிற வீட்டுக்கு அது பெரிய உதவி, அந்த வீடுகளை மட்டும் பிடித்திருந்தால் கதை மாறியிருக்கலாம்.

இதைத் தெரிந்துகொள்ள ஆப் தேவையே இல்லை. நாகர்கோவில் வெட்டூர்ணிமடத்தில் இரண்டு தெரு, ஒரு வாட்ஸ்அப் குரூப், ஒரு ஐஸ் பெட்டி போதும். ஜாப்போஸ் என்ற அமெரிக்கக் கம்பெனி 1999-இல் அப்படித்தான் ஆரம்பித்தது, கடைகளில் இருந்த ஷூக்களைப் போட்டோ எடுத்து இணையத்தில் போட்டார்கள், ஆர்டர் வந்த பிறகுதான் கடைக்குப் போய் வாங்கி அனுப்பினார்கள். அதே காலத்தில் மளிகைச் சாமானை வீட்டுக்குக் கொடுத்த வெப்வேன் என்ற இன்னொரு அமெரிக்கக் கம்பெனி, வாடிக்கையாளர் சேரும் முன்னே பெரிய பெரிய கிடங்குகளாகக் கட்டியது, 2001-இல் மூடிவிட்டார்கள்.

இன்னொன்று, மீன்பிடித் தடைக்காலம். விசைப்படகுக்குக் கிழக்குக் கடற்கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை தடை, மேற்கே ஜூன் 1 முதல் ஜூலை 31 வரை. கன்னியாகுமரி பக்கத்துச் சின்னமுட்டம் துறைமுகம் கிழக்கில் வரும், குளச்சலும் முட்டமும் மேற்கில் வரும், ஜூன் முதல் பாதியில் இரண்டு பக்கமும் சேர்ந்து நின்றுவிடும். அப்போது வள்ளத்து (நாட்டுப்படகு) மீன் மட்டும்தான், விலை ஏறும். நீங்கள் வாங்கியது மேற்குப் பக்க மீன், அந்த இரண்டு மாதத்துக்கு என்ன திட்டம் வைத்திருந்தீர்கள் என்று கடிதத்தில் எழுதவில்லை. கடலோர மாவட்டத்தில் மீன் வியாபாரம் தொடங்குகிறவர் முதல் நாளே காலண்டரில் குறிக்க வேண்டிய விஷயம் இது.

பேசாத நண்பரை நீங்களே போய்ப் பாருங்கள். யார் எவ்வளவு போட்டது, நகைக் கடனில் யார் பங்கு எவ்வளவு என்று ஒரு தாளில் எழுதி மூன்று பேரும் கையெழுத்துப் போடுங்கள். ஆரம்பிக்கும்போதே எழுதியிருக்க வேண்டியது, இப்போதாவது எழுதுங்கள். அடுத்த ஐடியா எவ்வளவு நல்லதாக இருந்தாலும் சரி, வேலைக்குப் போய் அக்கா நகையை மீட்ட பிறகுதான். அதுவரை வட்டியையாவது தவறாமல் கட்டுங்கள், நகை ஏலத்துக்குப் போய்விடக் கூடாது.

கேள்வி: என் தம்பி தொடங்கிய பிரைவேட் லிமிடெட் கம்பெனியில் நானும் ஒரு டைரக்டர். வியாபாரம் நின்றுவிட்டது, கடையைக் காலி செய்தாயிற்று. இனி ஒன்றும் செய்ய வேண்டாம்தானே?
- வாசகி, தக்கலை

பதில்: வேண்டும் அம்மா, நிறைய பேர் மாட்டுவது இங்கேதான். கடை மூடினாலும் கம்பெனி சட்டப்படி உயிரோடுதான் இருக்கிறது, ஒரு ரூபாய் வரவு இல்லாவிட்டாலும் ஆண்டுக் கணக்குத் தாக்கல் செய்ய வேண்டும். தாமதமானால் ஒவ்வொரு படிவத்துக்கும் நாளொன்றுக்கு 100 ரூபாய் ஏறிக்கொண்டே போகும். தொடர்ந்து மூன்று வருஷம் தாக்கல் இல்லையென்றால் டைரக்டர்களுக்கு ஐந்து வருஷம் தகுதி இழப்பு, தம்பிக்கு மட்டும் இல்லை, உங்களுக்கும்தான்.

பாக்கிகளை எல்லாம் தீர்த்து, வியாபாரம் நின்ற நிதியாண்டு வரையிலான கணக்குகளைத் தாக்கல் செய்துவிட்டு, எஸ்டிகே-2 படிவத்தில் கம்பெனிப் பெயரை நீக்க விண்ணப்பிக்க வேண்டும், கட்டணம் 10,000 ரூபாய். ஜிஎஸ்டி பதிவு இருந்தால் அதைத் தனியாக ரத்து செய்து, மூன்று மாதத்துக்குள் ஜிஎஸ்டிஆர்-10 என்ற கடைசி ரிட்டர்ன் போட வேண்டும். ஆடிட்டரைப் போய்ப் பார்க்கும்போது தம்பியை மட்டும் அனுப்பாமல் நீங்களும் போங்கள், உங்கள் பெயரில் எடுத்த டிஜிட்டல் கையெழுத்து டோக்கன் (பென் டிரைவ் மாதிரி இருக்கும்) யாரிடம் இருக்கிறது என்று கேட்டுக் கையில் வாங்கிக்கொள்ளுங்கள்.