மேரி இங்கிள்ஸ் நடந்தது எத்தனை மைல்?

கேள்வி: 1755-இல் வர்ஜீனியாவின் எல்லைக் குடியிருப்பு ஒன்றிலிருந்து ஷானி பழங்குடியினரால் சிறைபிடிக்கப்பட்டு, காட்டு வழியே நடந்து ஊர் திரும்பிய மேரி டிரேப்பர் இங்கிள்ஸ் பற்றி ஒரு கட்டுரை எழுதி வருகிறேன். அவர் நடந்த தொலைவு ஓரிடத்தில் 500 மைல், வேறோரிடத்தில் 800 மைல். சிறையிருப்பில் குழந்தை பிறந்ததாகச் சிலர் சொல்கிறார்கள், சிலர் மறுக்கிறார்கள். எதை எழுதுவது?

பதில்: தொலைவைப் பொறுத்தவரை, இரண்டு எண்களில் ஒன்றைப் பிடித்துக்கொள்வதைவிட, அவை ஏன் வேறுபடுகின்றன என்பதை எழுதுவதே நல்லது. மேரியும் அவருடன் தப்பிய முதிய ஜெர்மானியப் பெண்ணும் புறப்பட்ட இடம் இன்றைய கென்டக்கியில் உள்ள பிக் போன் லிக். உவர்நீர் ஊற்றுகளும் பழங்கால மாபெரும் விலங்குகளின் எலும்புகளும் நிறைந்த அந்த இடத்துக்கு உப்புக் காய்ச்சுவதற்காக அவர்களைக் கொண்டுபோயிருந்தார்கள். அங்கிருந்து ஊருக்கு வழி என்று மேரிக்குத் தெரிந்ததெல்லாம் ஆறுகள்தான். ஒஹையோவின் தென்கரையைப் பிடித்து நீரோட்டத்துக்கு எதிராக நடந்தால் கனாவா வந்து கலக்கும் இடம் வரும். கனாவாவோடு மேலேறினால் நியூ ஆறு. அதற்கு அருகில்தான் அவருடைய ஊரான டிரேப்பர்ஸ் மெடோ, அதாவது இன்றைய பிளாக்ஸ்பர்க், இருந்தது.

இந்த ஆற்று வழியை மட்டும் அளந்தாலே ஏறத்தாழ 500 மைல் வந்துவிடும். ஆனால் இருவருக்கும் நீந்தத் தெரியாது. லிக்கிங், பிக் சாண்டி, கயாண்டாட் என்று தெற்கிலிருந்து ஒவ்வொரு துணையாறு குறுக்கிட்டபோதும், அதன் கரையோடு உள்ளே ஏறிச் சென்று, இறங்கிக் கடக்கத்தக்க ஆழமற்ற துறை ஒன்றைக் கண்டுபிடித்துக் கடந்த பின், மறுகரையில் அதே தொலைவு திரும்பி வந்துதான் ஒஹையோவை மீண்டும் தொட வேண்டியிருந்தது. சயோட்டோ ஆற்றுமுகத்துக்கு எதிர்க்கரையில் ஒரு சோளக்கொல்லையில் அவர்களுக்கு ஒரு குதிரை கிடைத்தது. சோளத்தை அதன்மேல் ஏற்றிக்கொண்டார்கள். பிக் சாண்டியில் அடைந்து கிடந்த மிதவைக் கட்டைகளின் மேல் அதை நடத்திக் கடக்க முயன்றபோது, கால்கள் கட்டைகளுக்கிடையே சிக்கிக்கொள்ள, அதை அங்கேயே விட்டுவிட்டுச் சுமக்க முடிந்த சோளத்தோடு நடந்தார்கள். இப்படிப்பட்ட சுற்றுகளை யார் அளந்தார்கள்? பயணம் 40 நாளுக்குச் சற்று மேல் நீடித்தது. 800 மைல் என்றால் நாளொன்றுக்கு ஏறக்குறைய 20 மைல், அதுவும் பசியோடு, குளிர் தொடங்கிய மலைக்காட்டில். எனக்கு அது மிகையாகவே படுகிறது. '500 மைலுக்கு மேல்' என்று எழுதினால் உங்களை யாரும் குறை சொல்ல முடியாது.

குழந்தை பற்றிய கேள்விக்கு, யார் எப்போது எழுதினார் என்று பார்க்க வேண்டும். மேரி திரும்பி வந்த பிறகு பிறந்த மகன் ஜான் இங்கிள்ஸ், 1820-களில், தாய் மறைந்து சில ஆண்டுகளுக்குப் பின், குடும்பத்தில் கேட்டதை எழுதிவைத்தார்; அதில் அந்தக் குழந்தை இல்லை. சிறைபிடிக்கப்பட்ட சில நாட்களில் பெண் குழந்தை பிறந்தது, தப்பும்போது அதை விட்டுவர நேர்ந்தது என்று விரிவாகச் சொல்பவர் மேரியின் கொள்ளுப்பேரன் ஜான் ஹேல். அவர் நூல் வெளிவந்த ஆண்டு 1886. வேதனைக்குரிய செய்தியை மகன் மறைத்திருக்கலாம் என்ற வாதமும் உண்டு. ஆகவே 'பிற்காலக் குடும்ப மரபு சொல்கிறது' என்ற அடைமொழியோடு அதைத் தாருங்கள். தாக்குதல் நாளிலும் இதே சிக்கல்: ஹேல் ஜூலை 8 என்கிறார், அக்காலப் பதிவேடு ஜூலை 30 என்கிறது. நான் பதிவேட்டின் பக்கம்.

நீங்கள் கேட்காவிட்டாலும் ஒன்று சொல்கிறேன். ஹேல் காலத்து நூல்களில் ஷானிகளுக்கு வழங்கும் வசைச்சொற்களை அப்படியே தமிழுக்குக் கொண்டுவராதீர்கள். டிரேப்பர்ஸ் மெடோவில் கொலைகள் நடந்தது உண்மை; பிரெஞ்சு, ஆங்கிலப் போட்டிக்கிடையே, மலைக்கு மேற்கே குடியேற்றம் பரவிவந்த காலம் அது என்பதும் உண்மை. பிடிபட்டவர்களைக் குடும்பத்தில் சேர்த்துக்கொள்ளும் வழக்கம் ஷானிகளிடம் இருந்தது. மேரியின் மூத்த மகன் தாமஸ் நான்கு வயதில் பிடிபட்டு, 1768-இல் மீட்புப்பணம் கொடுத்து அழைத்துவரப்பட்டபோது, பதின்மூன்று ஆண்டுகள் அவர்களோடு வாழ்ந்து முடித்திருந்தான். தாய்க்கு ஊர் திரும்புதல் எதுவோ, மகனுக்கு அது ஊரைவிட்டுப் பிரிதலாக இருந்திருக்கும்.

கடைசியாக அந்த முதிய பெண். பசியின் உச்சத்தில் அவர் மேரியைக் கொல்ல முயன்றார் என்றும், மேரி விலகி ஓடி, கரையில் கிடந்த ஒரு தோணியில் ஆற்றைக் கடந்து, இறுதியில் அண்டைக் குடியேறியான ஆடம் ஹார்மனின் சோளக்கொல்லையை எட்டிக் குரல்கொடுத்தார் என்றும் மகன் ஜான் இங்கிள்ஸின் கையெழுத்துப்படி சொல்கிறது. பிறகு அந்தப் பெண்ணும் உயிரோடு கண்டுபிடிக்கப்பட்டார். ஜானின் படியில் அவருக்குப் பெயர் இல்லை. கதைகளில் படித்த பெயரை அவருக்குச் சூட்டாமல் 'முதிய ஜெர்மானியப் பெண்' என்றே எழுதுங்கள்.