கினுயோ தனகா எப்படி 50 வருஷம் ஃபீல்டுல நின்னாங்க?

ஜப்பான் நடிகைங்கள்ல யாரு ரொம்ப காலம் நிலைச்சு நின்னாங்கன்னு கேட்டா நான் கினுயோ தனகான்னு தான் சொல்லுவேன். 1924ல, 14 வயசுல ஷோசிகு கம்பெனில ஊமைப்படத்துல ஆரம்பிச்சாங்க, 1931ல ஜப்பானோட முதல் முழு பேசும்படம் வந்தப்ப அதுலயும் அவங்க தான் ஹீரோயின்.

ஹீரோயினாவே இருக்கணும்னு அவங்க அடம் பிடிக்கல, அதான் முக்கியமான காரணம்னு எனக்கு தோணுது. 1952ல மிசோகுச்சி எடுத்த ஓஹாரு படத்துல இளம்பொண்ணுல இருந்து வயசான விலைமாது வரைக்கும் ஒரே ஆளா பண்ணிருப்பாங்க, கோயில்ல வரிசையா இருக்கற சிலைகளை பாத்துட்டே வரும்போது ஒரு சிலையில பழைய காதலன் முகம் தெரியும், அப்ப அவங்க முகத்தை பாருங்க, வசனமே தேவைப்படாது. 1958ல நரயாமா படத்துல 50 வயசு கூட ஆகாம 70 வயசு கிழவியா வந்தாங்க.

நடுவுல 1953ல டைரக்டராவும் ஆகி மொத்தம் ஆறு படம் எடுத்தாங்க. அந்த காலத்துல ஜப்பான்ல ஒரு பொண்ணு டைரக்ட் பண்றது ரொம்ப அபூர்வம், அவங்கள வச்சு நிறைய படம் எடுத்த மிசோகுச்சியே அத எதிர்த்தாரு, ஆனாலும் விடல. இத பத்தி யாரும் அதிகமா பேசாதது எனக்கு பெரிய வருத்தம்.

சண்டகன் படத்துக்கு 1975ல பெர்லின் திரைப்பட விழாவுல சிறந்த நடிகை விருது வாங்கினாங்க. சின்ன வயசுல போர்னியோ தீவுக்கு விலைமாதா விக்கப்பட்ட பாட்டி ரோல். பாட்டியோட கதைய தெரிஞ்சுக்க வந்து கூட தங்கின பொண்ணு ஊருக்கு கிளம்பும்போது, நீ துடைச்சுக்கற துண்டை குடுத்துட்டு போன்னு கேட்டு வாங்கி அழுவாங்க பாருங்க, முதல்ல அந்த படத்தை பாத்துடுங்க.