ஏகார்ன் ஸ்குவாஷ்: முதலில் காய் வேகட்டும், இனிப்பு அப்புறம்

தேங்க்ஸ்கிவிங் (கனடாவில் அக்டோபரில் வரும் அறுவடை நன்றித் திருநாள்) விருந்துக்கு இனிப்பான விண்டர் ஸ்குவாஷ் (பரங்கி வகையைச் சேர்ந்த கெட்டித்தோல் காய்) செய்யப் பார்த்தேன், மேலே கருகிவிட்டது, உள்ளே வேகவில்லை, என்ன தப்பு என்று கேட்டிருக்கிறீர்கள். டொராண்டோ பக்கம் நாங்கள் குடிவந்த முதல் அக்டோபரில் எனக்கும் இதேதான் நடந்தது. மேப்பிள் சிரப்பை முதலிலேயே ஊற்றி ஓவனில் வைத்தேன். அரை மணி நேரத்தில் அது தட்டில் வழிந்து தீய்ந்து வீடெல்லாம் புகை. காய் மட்டும் கல்லு மாதிரி இருந்தது. பக்கத்து வீட்டுப் பாட்டி ஒரே ஒரு திருத்தம் சொன்னார்: முதலில் காய் வேகட்டும், இனிப்பைக் கடைசியில் போடு. இன்றுவரை அப்படித்தான் செய்கிறேன்.

விண்டர் ஸ்குவாஷில் நான் எடுப்பது ஏகார்ன் ஸ்குவாஷ் என்ற வகை. கரும்பச்சைத் தோலில் வரிவரியாகப் பள்ளம் விழுந்து, உள்ளங்கைக்குக் கொஞ்சம் பெரிதாக இருக்கும். கையில் எடுத்தால் அளவுக்கு மீறிக் கனக்க வேண்டும். தரையில் பட்டுக் கிடந்த இடத்தில் ஆரஞ்சுத் திட்டு ஒன்று இருந்தால் நன்றாக முற்றிய காய். காய் முழுக்க ஆரஞ்சாகிவிட்டால் எடுக்காதீர்கள், உள்ளே நார் ஓடியிருக்கும்.

வெட்டுவதுதான் பயமான வேலை. முள்கரண்டியால் நாலைந்து இடத்தில் ஆழமாகக் குத்தி, மைக்ரோவேவில் இரண்டு நிமிடம் வையுங்கள். தோல் சற்று இளகிவிடும். காம்பை வெட்டப் போராட வேண்டாம். காம்பை ஒட்டிக் கத்தியை இறக்கி, நுனி வழியாகச் சுற்றி மறுபக்கம் கொண்டுவந்து, இரண்டு கையாலும் பிளந்தால் போதும். விதையையும் நாரையும் கரண்டியால் வழித்துவிடுங்கள். விதையைத் தூக்கிப் போடாதீர்கள். கழுவி உலர்த்தி உப்புப் போட்டு வறுத்தால் நல்ல கொறிப்பு.

ஓவனை 400 டிகிரி ஃபாரன்ஹீட்டுக்குச் சூடாக்குங்கள். வெட்டிய முகத்தில் எண்ணெய் தடவி, உப்புத் தூவி, முகம் கீழே படும்படி தட்டில் கவிழ்த்து 30 நிமிடம். இந்த அரை மணிதான் இந்தப் பதார்த்தத்தின் உயிர். கவிழ்ந்த காய்க்குள் ஆவி அடைபட்டுச் சதை வேகும். தட்டில் படுகிற விளிம்பு பொன்னிறமாகச் சிவந்து, காயின் சொந்த இனிப்பு மேலே வரும். சர்க்கரையை எவ்வளவு கொட்டினாலும் அந்த ருசி வராது.

அப்புறம் திருப்பிப் போடுங்கள். கத்தியை விட்டுப் பார்த்தால் ஏறக்குறைய வெந்திருக்க வேண்டும். ஒவ்வொரு பாதிக் குழியிலும் ஒரு மேசைக்கரண்டி வெண்ணெய், ஒரு மேசைக்கரண்டி பழுப்புச் சர்க்கரை, ஒரு தேக்கரண்டி மேப்பிள் சிரப், ஒரு சிட்டிகை உப்பு, துளி பட்டைத்தூள். பழுப்புச் சர்க்கரை இல்லையென்றால் நாட்டுச்சர்க்கரை இன்னும் நன்றாகவே இருக்கும். சிரப் மட்டும் அசலானதாக இருக்கட்டும். ஒரு லிட்டர் சிரப்புக்குச் சுமார் 40 லிட்டர் மேப்பிள் மரச்சாறு காய்ச்ச வேண்டும், விலை அதனால்தான்; ஆனால் நமக்குத் தேவை ஒரு தேக்கரண்டிதானே. இன்னும் 15 முதல் 20 நிமிடம். நடுவில் ஒருமுறை குழியில் உருகி நிற்பதை எடுத்து விளிம்பெல்லாம் தடவிவிடுங்கள்.

ஏகார்ன் கிடைக்காவிட்டால் பட்டர்நட் என்ற இன்னொரு விண்டர் ஸ்குவாஷைத் தோல் சீவி ஓரங்குலத் துண்டுகளாக நறுக்கி, ஒன்றோடொன்று ஒட்டாமல் பரப்பி, இதே சூட்டில் வையுங்கள். நெருக்கிப் போட்டால் சிவக்காது, அவிந்துவிடும். இங்கேயும் கடைசிப் பத்து நிமிடத்தில்தான் சிரப். பட்டர்நட்டும் நம் ஊர்ப் பரங்கிக்காயும் ஒரே இனம்தான், ஆனால் நம் பரங்கியில் நீர் கூடுதல். கூட்டுக்கு அருமை, இதற்குச் சரிப்படவில்லை.

விருந்து நாளில் டர்க்கி (வான்கோழி) வெளியே வந்து ஆறுகிற அரை மணியில் ஓவன் காலியாக இருக்கும். காயைக் காலையிலேயே கவிழ்த்து வேகவைத்து எடுத்துவிட்டால், இனிப்புப் போடும் இரண்டாம் பாதியை அந்த நேரத்தில் முடித்து, குழியில் வெண்ணெய் கொதித்துக்கொண்டிருக்கும்போதே மேசைக்குக் கொண்டுபோகலாம்.